சிப்பாய்க்குக் கஞ்சி, சீமானுக்கு வட்டி

பட்டினி கிடப்பதில் தமிழ்ச் சிப்பாய்க்கு இருக்கும் அபாரத் திறமையை உலகத்துக்கு எடுத்துச் சொன்ன பெருமை மெக்காலே பிரபுவைச் சேரும். 1751-ல் ஆற்காட்டுக் கோட்டை ஐம்பது நாள் முற்றுகையில் கிடந்தது. உள்ளே கிளைவ். அரிசி தீர்ந்துகொண்டே வந்தது. அப்போது சிப்பாய்கள் திரண்டு வந்து, சோறு துரைமார்களுக்கு இருக்கட்டும், வடித்த கஞ்சி எங்களுக்குப் போதும் என்று கேட்டுக்கொண்டார்களாம். 1840-ல் கிளைவைப் பற்றி எழுதிய கட்டுரையில் மெக்காலே இதை உருகி உருகிச் சொல்லியிருக்கிறார். நடந்ததா என்றால் வரலாற்றுக்காரர்கள் தலையைச் சொறிகிறார்கள். சிப்பாய்களின் பெயர் என்ன, அவர்கள் பேசியதைத் துரைக்குச் சொன்ன துபாஷி யார், கேட்டு நெகிழ்ந்துபோன துரை அன்றைக்கு எத்தனை கவளம் சாப்பிட்டார் என்பதெல்லாம் பதிவாகவில்லை.

இருந்தாலும் நல்ல கதை. ஆட்சி நடத்துகிறவர்களுக்கு ரொம்பப் பிடித்த கதை. பட்டினிக்குத் தியாகம் என்று பெயர் வைத்துவிட்டால் அப்புறம் அரிசி எங்கே போனது என்று யார் கேட்கப் போகிறார்கள்?

ஒரு படையைப் பட்டினி போடுவது ஒன்றும் சாமானிய வேலை அல்ல. எதிரி வளைத்துக்கொண்டு பட்டினி போட்டால் அதில் என்ன சாமர்த்தியம்? சொந்தப் படையை, கஜானா வருமானம் முழுக்கக் கையில் இருக்கும்போதே, நெல் விளைகிற சீமைக்கு நடுவில் நிறுத்திப் பட்டினி போட வேண்டும். அதற்குப் படிப்பு வேண்டும், பத்திரம் எழுதத் தெரிய வேண்டும், சபை கூட்டித் தீர்மானம் போடத் தெரிய வேண்டும். இந்தக் கலைக்கு உலகத் தரமான செய்முறை விளக்கம் எங்கள் பக்கத்தில்தான் நடந்தது. திருத்தணி மலையேறி முருகனைக் கும்பிட்டுவிட்டு வெளியே வந்து நின்று பாருங்கள். கிழக்கே திருப்பாசூர். தென்கிழக்கே பேரம்பாக்கம், அதைத் தாண்டிப் புள்ளலூர். மேற்கே சோளிங்கர். வடக்கே நகரி மலை, அதற்கு அப்பால் இந்த ஊரையே அன்றைக்கு ஆண்ட கார்வேட்டிநகர். 1780, 1781 ஆகிய இரண்டு வருஷமும் கிழக்கிந்தியக் கும்பினியின் படை இந்த வட்டத்துக்குள்ளும் அரிசி தேடி அலைந்தது. இடையிடையே சண்டையும் போட்டது.

அரிசிக் கதை கடனில் தொடங்குகிறது. ஆற்காட்டு நவாபு முகமது அலி வாலாஜா சேப்பாக்கத்து அரண்மனையில் உட்கார்ந்து கடன் வாங்கிக்கொண்டே இருந்தார். கொடுத்தவர்கள் யார்? கும்பினியின் சம்பளக்காரர்களே. பகலில் கோட்டையில் உத்தியோகம், சாயங்காலம் நவாபிடம் வட்டிக்கடை. அடமானம், சீமை சீமையாக நில வருவாய். பால் பென்ஃபீல்டு என்று ஒரு மகானுபாவர். வருஷத்துக்குச் சில நூறு பவுண்டு சம்பளம் வாங்கியவர், தஞ்சாவூர் வருவாயில் தனக்கு 2,34,000 பவுண்டு வர வேண்டும் என்று 1776-ல் பத்திரத்தை நீட்டினார். (பிளாசிக்குப் பிறகு கிளைவுக்குக் கிடைத்த அன்பளிப்பும் இதே 2,34,000 பவுண்டுதான். ராசியான எண் போலிருக்கிறது.) தஞ்சாவூரை அதன் ராஜாவிடமே திருப்பிக் கொடுத்து இந்த வரவில் கை வைத்தார் கவர்னர் பிகாட். அந்த ஆகஸ்டு 24-ஆம் தேதி இரவு அவருடைய சபை உறுப்பினர்களே அவரைக் கைது செய்தார்கள். காவலில் இருந்தபடியே 1777 மே மாதம் செத்துப்போனார். பிறகு லண்டனில் விசாரணை நடந்தது, நாலு பேருக்கு ஆளுக்கு 1,000 பவுண்டு அபராதம் விழுந்தது. ஒரு கவர்னரைத் தூக்க ஆன செலவு அவ்வளவுதான்.

இந்தக் கடன்களில் எனக்கு ரொம்பப் பிடித்தது குதிரைப்படைக் கடன். நவாபிடம் உதவாக்கரைக் குதிரைப்படை ஒன்று இருந்தது. அதைக் கலைக்கச் சொன்னது கும்பினி. கலைக்க வேண்டுமானால் சம்பளப் பாக்கியைத் தீர்க்க வேண்டும், நவாபிடம் காசில்லை. 1777-ல் டெய்லர், மஜெண்டி, கால் என்ற மூன்று கும்பினி ஊழியர்கள் முன்வந்தார்கள். நாலு லட்சம் வராகன், அன்றைய மதிப்பில் 1,60,000 பவுண்டு, நாங்கள் தருகிறோம், பாக்கியைத் தீர்த்து ஆட்களை அனுப்பிவிடுங்கள், ஈடாக இந்த இந்தச் சீமை வருவாயை எங்களுக்கு எழுதிக் கொடுங்கள் என்றார்கள். வருவாய் உடனே வரத் தொடங்கியது. குதிரைக்காரனுக்குப் போக வேண்டிய பாக்கி மட்டும் வருஷக்கணக்கில் இழுத்தது என்று பின்னாளில் எட்மண்ட் பர்க் நாடாளுமன்றத்தில் காறித் துப்பினார். பாக்கி தீராததால் படை கலையவில்லை. படை கலையாததால் நவாபு தலையில் மாதச் சம்பளம் மேலும் ஏறியது. பட்டினி கிடக்கும் குதிரைக்காரனைக் காட்டி வட்டி வாங்கினார்கள், அந்த வட்டியைக் குடியானவன் வயிற்றிலிருந்து வாங்கினார்கள், தங்கள் கைக்காசைப் பெட்டிக்குள்ளேயே வைத்துக்கொண்டார்கள். இன்றைக்கு மீட்டர் வட்டி, ரன் வட்டி என்று பெயர் வைத்துத் திரிகிற நம்மூர் ஆட்கள் இவர்கள் முன்னால் பால்குடி மாறாத பிள்ளைகள்.

இப்படிப்பட்ட கஜானாவை வைத்துக்கொண்டு சென்னைக் கோட்டை துரைமார்கள் மைசூர் ஹைதர் அலியோடு சண்டையை வரவழைத்தார்கள். கவர்னர் ரம்போல்டு 1780 ஏப்ரலில் பெரும் சொத்தோடு கப்பலேறிவிட்டார். அடுத்து உட்கார்ந்தவர் வைட்ஹில். ஜூலையில் ஹைதர் செங்கம் கணவாய் வழியாக இறங்கினார், ஊர் ஊராகக் கொளுத்தினார். கோட்டையில் இருந்தவர்களோ வருகிறாரா, நிஜமாகவே வருகிறாரா என்று விசாரித்துக்கொண்டிருந்தார்கள். கடைசியில் புக்சார் வென்ற ஹெக்டர் மன்றோ ஐயாயிரம் பேரோடு காஞ்சிபுரம் போய் இறங்கினார். கையில் சில நாளைக்கான அரிசி. மீதியை நவாபு தருவார் என்பது ஏற்பாடு. நவாபின் ஆளும் முகாமுக்கு வந்தார். படையோடு கூடவே இருக்கச் சொல்லித்தான் எனக்கு உத்தரவு, அரிசி வாங்கப் பணமும் தரவில்லை, அதிகாரமும் தரவில்லை என்று கையை விரித்தார். இந்த வாக்கியத்தை நீங்களும் எங்கோ ஒரு கவுன்ட்டர் முன்னால் நின்று கேட்டிருப்பீர்கள்.

அதே நேரத்தில் வடக்கே குண்டூரிலிருந்து கர்னல் பெய்லியின் படை வந்துகொண்டிருந்தது. ஆகஸ்டு 25-ஆம் தேதி கொசஸ்தலை ஆற்றங்கரைக்கு வந்தபோது தண்ணீர் அதிகமில்லை. காலையில் கடந்துகொள்ளலாம் என்று வடகரையிலேயே படுத்தார்கள். ராத்திரி வெள்ளம் வந்துவிட்டது. எங்கள் பக்கத்து ஆறுகளைத் தெரிந்த எவனும் இப்படிப் படுக்க மாட்டான். வருஷத்தில் முக்கால்வாசி மணலாகக் கிடக்கும், வந்தால் ஒரே ராத்திரியில் வரும். ஒரு வாரத்துக்கு மேல் அங்கேயே கிடந்து, கடந்து, செப்டம்பர் 6-ல் பேரம்பாக்கத்தில் ஹைதரின் மகன் திப்புவிடம் அடிபட்டு நின்றார்கள். காஞ்சிபுரத்துக்கும் பேரம்பாக்கத்துக்கும் பதினாலு மைல்தான். மன்றோ போகவில்லை. ஏன் போகவில்லை? காஞ்சிபுரத்துப் பெரிய கோயிலுக்குள் அரிசியை அடுக்கி வைத்திருந்தார். படையைக் கிளப்பிக்கொண்டு போனால் அரிசி போய்விடும். ஆகவே அரிசியைக் காத்தார். ஆயிரம் பேரை மட்டும் அனுப்பிவைத்தார். செப்டம்பர் 10-ஆம் தேதி புள்ளலூரில் அந்த ஆயிரம் பேரையும் சேர்த்து மொத்தப் படையும் அழிந்தது. மூவாயிரத்துக்கு மேற்பட்ட மனிதர்கள், பெரும்பாலும் சிப்பாய்கள், நம் ஆட்கள். செய்தி தெரிந்ததும் மன்றோ கனத்த பீரங்கிகளைக் காஞ்சிபுரத்துக் கோயில் குளத்தில் தள்ளிவிட்டுச் செங்கல்பட்டுக்கு ஓடினார். எந்த அரிசிக்காக அத்தனை பேரைச் சாகவிட்டாரோ அந்த அரிசியும் போயிற்று.

புள்ளலூரில் இன்றைக்கும் இரண்டு தூண்கள் நிற்கின்றன. மறு வருஷம் அதே இடத்தில் நடந்த இரண்டாம் சண்டையில் செத்த இரண்டு வெள்ளை அதிகாரிகளுக்கு எழுப்பியவை. சிப்பாய்களுக்கு என்ன இருக்கிறது என்று கேட்காதீர்கள். முதல் சண்டையைக் காட்டும் ஓவியம் ஒன்று 2022 மார்ச்சில் லண்டனில் சோதபிஸ் ஏலத்தில் 6,30,000 பவுண்டுக்குப் போனது. அதில் சாகிற சிப்பாய்களுக்குச் சிவப்புச் சட்டை வெகு நேர்த்தியாகத் தீட்டியிருக்கிறார்கள்.

அப்புறம் வந்தார் அயர் கூட். கிழவர், நோயாளி, ஆனால் கெட்டிக்காரர். நவம்பரில் வங்காளத்திலிருந்து 15 லட்சம் ரூபாயோடு சென்னையில் இறங்கினார். அந்தப் பணத்தைச் சென்னைச் சபையின் கையில் கொடுக்காதே, நீயே வைத்துச் செலவு செய் என்று கல்கத்தாவிலிருந்தே சொல்லி அனுப்பியிருந்தார்கள். வந்த கையோடு வைட்ஹில்லைப் பதவியிலிருந்து இறக்கும் உத்தரவையும் நீட்டினார். ஒரே கும்பினி, ஒரே கொடி, ஆனால் அண்ணன் வீட்டுச் சாவியைத் தம்பியிடம் தர மாட்டார்கள். அவ்வளவு நல்ல பெயர் எடுத்திருந்தார்கள் எங்கள் சென்னை துரைமார்கள்.

பணம் வந்தது, மாடு வரவில்லை. பீரங்கி இழுக்க மாடு, அரிசிப் பொதி சுமக்க மாடு, மாட்டுக்குத் தீவனம் சுமக்க இன்னும் மாடு. ஹைதர் தீவனத்தையெல்லாம் கொளுத்தியிருந்தார். கூட் எத்தனை தூரம் நடக்கலாம் என்பதை அவர் தீர்மானிக்கவில்லை, அரிசி மூட்டை தீர்மானித்தது. 1781 ஜூனில் சிதம்பரம் கோயிலைத் தாக்கினார். தில்லை நடராஜர்மேல் பகை எதுவும் இல்லை, உள்ளே ஹைதரின் தானியம் இருந்தது. தோற்றுத் திரும்பினார். ஆகஸ்டில் திருப்பாசூர்க் கோட்டையைப் பிடித்தார். பிடிபட்டவர்களுக்குப் போடச் சோறு இல்லை. கைதிகளை மாற்றிக்கொள்ளலாமா என்று ஹைதரிடம் கேட்டனுப்பினார். கோட்டையைக் கோட்டைவிட்ட அந்தத் துரோகிகள் எனக்கு வேண்டாம், சீக்கிரம் கொன்றுவிடு என்று ஹைதர் பதில் அனுப்பியதாக மைசூர் வரலாற்றை எழுதிய மார்க் வில்க்ஸ் சொல்கிறார். கூட் கொல்லவும் இல்லை, சோறு போடவும் இல்லை. இனிமேல் சண்டைக்கு வர மாட்டோம் என்று வாக்கு வாங்கிக்கொண்டு அவிழ்த்துவிட்டார். இரண்டு எஜமானர்கள், ஒருவன் சாகடிக்கச் சொல்கிறான், இன்னொருவன் சோறு மிச்சம் என்று விடுகிறான். நடுவில் நின்றவன் இருவர் கண்ணுக்கும் வெறும் கூலிக்காரன்தான்.

செப்டம்பர் 27-ஆம் தேதி சோளிங்கரில் கூட் ஜெயித்தார். ஜெயித்த படை என்ன செய்யும்? துரத்தும். கூட்டின் படை துரத்தவில்லை, சாப்பாட்டைத் தேடி வடக்கே திரும்பியது. கார்வேட்டிநகர் பாளையத்துக்குள், அதாவது திருத்தணிக்காரர்கள் கும்பிடு போட்டுக்கொண்டிருந்த ராஜாவின் சீமைக்குள் நுழைந்தது. அந்த ராஜாவான பொம்மராஜாவும் ஹைதரை விட்டுவிட்டுக் கும்பினிப் பக்கம் சாய்ந்தார். ராஜா எந்தப் பக்கம் சாய்ந்தாலும் குதிர் காலியானது குடியானவன் வீட்டில்தான். இந்தப் பக்கத்துக் குடியானவனுக்கு அந்த வருஷம் ஹைதரின் லூட்டிக்காரன் ஒருமுறை வந்தான், கும்பினிச் சிப்பாய் ஒருமுறை வந்தான், நவாபின் வரி வசூல்காரன் எப்போதும்போல் வந்தான். பஞ்சம் பிடித்தது. பிழைப்பு தேடிச் சென்னைக்கு ஓடியவர்களுக்காக 1782-ல் கஞ்சித் தொட்டி திறந்தார்கள். மணியக்காரர் சத்திரம் என்று பெயர். பின்னால் ஸ்டான்லி ஆஸ்பத்திரி அதிலிருந்துதான் வளர்ந்தது. நெல்லை விளைவித்தவன் அங்கே வரிசையில் நின்று கஞ்சி வாங்கிக் குடித்தான். 1784-ல் ஆரணியில் குதிரைப்படையினர் சம்பளப் பாக்கி கேட்டுக் கலகம் செய்தார்கள். மெக்காலே அவர்களைப் பற்றி உருகவில்லை.

இந்த ஒழுங்கு எங்கள் சீமைக்கு மட்டும் சொந்தமல்ல. சோளிங்கர் சண்டைக்கு மறுநாள், செப்டம்பர் 28-ஆம் தேதி, உலகத்தின் மறுபக்கத்தில் ஜார்ஜ் வாஷிங்டனின் படை யார்க்டவுனை நோக்கிப் புறப்பட்டது. அந்தப் படையின் சில பிரிவுகள் ஒரு மாதச் சம்பளமாவது காசாகக் கொடுத்தால்தான் தெற்கே நடப்போம் என்று முரண்டு பிடித்திருந்தன. நிதி நிர்வாகி ராபர்ட் மோரிஸ் பிரெஞ்சுத் தளபதியின் பெட்டியிலிருந்து கடன் வாங்கிக் கொடுத்தார். விடுதலை வேண்டும் என்று பிரகடனம் எழுதிய அமெரிக்கக் காங்கிரசுக்கு வரி போடும் அதிகாரம் இல்லை. மாநிலங்களைப் பார்த்துக் கைநீட்டியது, மாநிலங்கள் ஆகாயத்தைப் பார்த்தன. காகிதத்தில் டாலர் அடித்தார்கள், அது காகித விலைக்கே வந்து சேர்ந்தது. 1777 டிசம்பரில் நாடு முழுக்க நன்றி செலுத்தும் நாள் கொண்டாடச் சொல்லிக் காங்கிரஸ் உத்தரவு போட்டது. அன்றைக்குத் தனக்குக் கிடைத்த விருந்தை ஜோசப் பிளம் மார்ட்டின் என்ற சிப்பாய் எழுதிவைத்திருக்கிறார். அரை ஆழாக்குக்கும் குறைவான அரிசி, ஒரு கரண்டி வினிகர். அங்கேயும் அரிசிதான் பாருங்கள்! 1781 புத்தாண்டு அன்று பென்சில்வேனியாப் படை கலகம் செய்தது. 1783 ஜூனில் சம்பளம் கேட்டுச் சிப்பாய்கள் வந்து நின்றதும் காங்கிரஸ் பிலடெல்பியாவை விட்டே ஓடியது. கடைசியில் சம்பளத்துக்குப் பதில் கடன் சீட்டுக் கொடுத்து வீட்டுக்கு அனுப்பினார்கள். பசிக்குச் சீட்டை அடிமாட்டு விலைக்கு விற்றான் சிப்பாய், வாங்கி அடுக்கினான் சீட்டு வியாபாரி. 1790-ல் நிதியமைச்சர் ஹாமில்டன் சீட்டுக்கு முழு மதிப்பு கொடுக்க ஏற்பாடு செய்தபோது சீட்டு யார் பெட்டியில் இருந்தது என்று சொல்லவும் வேண்டுமா? முதலில் வைத்திருந்த சிப்பாய்க்கும் ஒரு பங்கு கொடுங்கள் என்று காங்கிரஸ் உறுப்பினர் மாடிசன் மன்றாடினார். எடுபடவில்லை. நடுவே ஒரு வேடிக்கை. 1782-ல் பென்சில்வேனியாக்காரர்கள் தங்கள் போர்க்கப்பல் ஒன்றுக்கு ஹைதர் அலி என்று பெயர் வைத்தார்கள். எங்கள் ஊர்களைக் கொளுத்தியவர் அங்கே விடுதலைச் சின்னம்.

யார்க்டவுனில் சரணடைந்த கார்ன்வாலிஸ் பிரபுவுக்கு அதற்குத் தண்டனை கிடைத்ததா? 1786-ல் இந்தியாவுக்கே கவர்னர் ஜெனரலாக வந்தார். 1791-ல் ஸ்ரீரங்கப்பட்டணம்வரை போய், பொதிமாடுகள் கூட்டம் கூட்டமாகச் செத்துவிழ, முற்றுகைப் பீரங்கிகளைத் தானே உடைத்துப் போட்டுவிட்டுத் திரும்பினார். அடுத்த வருஷம் அவரைக் காப்பாற்றியதில் லம்பாடிகளின் மாட்டு மந்தைகளுக்குப் பெரிய பங்கு உண்டு. எந்தத் தூணிலும் அவர்கள் பெயரும் இல்லை, மாடுகளின் பெயரும் இல்லை.

நவாபின் கடன் என்ன ஆயிற்று? அதுதான் இந்தக் கதையின் ருசியான இடம். 1784-ல் லண்டனில் கும்பினியைக் கண்காணிக்க உட்கார்ந்த, டண்டாஸின் கை ஓங்கியிருந்த கட்டுப்பாட்டு வாரியம், கடன்களைத் துருவிப் பார்க்காமலே ஒப்புக்கொண்டது. பாதி எரிந்துபோன கர்நாடகச் சீமை வருவாயிலிருந்து வருஷம் 12 லட்சம் வராகன், அதாவது 4,80,000 பவுண்டு, கடன்காரர்களுக்கு ஒதுக்கப்பட்டது. நம் குதிரைப்படைக் கடனுக்கு 12 விழுக்காடு வட்டி. 1785 பிப்ரவரி 28-ஆம் தேதி பர்க் எழுந்து பென்ஃபீல்டின் பெயரைச் சொல்லி மணிக்கணக்கில் முழங்கினார். ஓட்டெடுப்பில் தோற்றார். பிற்பாடு சீமை கும்பினி கைக்கு வந்ததும், இன்னும் யாருக்காவது பாக்கி உண்டா என்று கேட்டு 1805-ல் ஒரு கமிஷன் வைத்தார்கள். 3 கோடி பவுண்டுக்கு மேல் பத்திரங்கள் வந்து குவிந்தன. 1830 வரை உட்கார்ந்து பார்த்து, சுமார் 27 லட்சம் பவுண்டுதான் உண்மையான கடன் என்றார்கள். மீதியெல்லாம் கள்ளப் பத்திரம், கற்பனைப் பத்திரம். இருபத்தைந்து வருஷம் கமிஷன் நடத்தும் பொறுமை வட்டிக்காரனுக்காக இருந்தது. புள்ளலூரில் செத்தவனின் பெண்டாட்டி எந்தக் கமிஷனுக்கு மனுப்போடுவாள்? அவளிடம் பத்திரம் ஏது?

வெள்ளைக்காரன் போனான், சரி.

நம்மவர்கள் வந்தபின் முதல் பெரிய ஊழலாகப் பேசப்பட்ட கொள்முதல், 1948-ல் லண்டனில் ஹை கமிஷனராக இருந்த கிருஷ்ண மேனன் ராணுவத்துக்காகப் பேசி முடித்த பழைய ஜீப்புகள். ஆர்டர் இரண்டாயிரம், வந்து இறங்கியவை 155. இறங்கியதும் வேறெங்கும் அல்ல, நம் சென்னைத் துறைமுகத்தில்தான். பார்த்தால் ஓடவில்லை. 1955-ல் வழக்கு முடிந்துவிட்டது என்று அரசு சொன்னது, 1956-ல் மேனன் மந்திரியானார், 1957-ல் பாதுகாப்பு மந்திரி. ஜீப்புக்குத்தான் ஓடத் தெரியவில்லை.

1962 அக்டோபரில் சீன எல்லையில் நாம்கா சூ ஆற்றங்கரையில், பத்தாயிரம் அடிக்கு மேல், பருத்திச் சீருடையோடும் கையளவு தோட்டாவோடும் நம் பையன்கள் நின்றார்கள். விமானத்திலிருந்து போட்ட பொதிகள் பள்ளத்தாக்கில் விழுந்து காணாமல் போயின. அந்தப் பிரிகேடின் தலைவர் ஜான் தால்வி, சீனர்களிடம் கைதியாகி மீண்டுவந்து, 1969-ல் புத்தகமாகவே எழுதிவிட்டார். அன்றைக்கு முப்படைகளின் தலைமைத் தளபதி யார் தெரியுமா? திருத்தணியில் பிறந்த சர்வபள்ளி ராதாகிருஷ்ணன். அவர் குடியரசுத் தலைவராகி ஐந்தாறு மாதம்தான் ஆகியிருந்தது. நம் அரசின் வெகுளித்தனத்தையும் அலட்சியத்தையும் அவர் பகிரங்கமாகவே சாடினார். ஜனாதிபதி மாளிகையிலிருந்து அப்படி ஒரு குரல் அதற்கு முன்னும் வரவில்லை, பின்னும் அதிகம் வரவில்லை. எங்கள் ஊரில் அவரை ஆசிரியர் தினத்துக்கு மட்டும் ஞாபகம் வைத்திருக்கிறார்கள். பெண்கள் வளையலைக் கழற்றிப் பாதுகாப்பு நிதிக்குக் கொடுத்தார்கள், பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள் உண்டியலை உடைத்தார்கள். தோல்விக்கு யார் பொறுப்பு என்று விசாரித்த ஹெண்டர்சன் புரூக்ஸ் அறிக்கையை அரசு இன்றுவரை வெளியிடவில்லை. வளையல் கொடுத்தவளுக்கு ரசீது கொடுத்தார்கள், கணக்குக் கொடுக்கவில்லை.

1971-ல் போரில் ஜெயித்துக் கொடுத்தார்கள். 1973-ல் மூன்றாவது ஊதியக் குழுவின் பெயரால் ஜவானின் ஓய்வூதியம் கடைசிச் சம்பளத்தில் 70 விழுக்காட்டிலிருந்து 50-க்கு இறங்கியது. ஒரே பதவி ஒரே ஓய்வூதியம் என்று கேட்டு டெல்லி ஜந்தர் மந்தரில் உட்கார்ந்திருந்த கிழவர்களை 2015 ஆகஸ்டு 14-ஆம் தேதி, மறுநாள் கொடியேற்றம், பாதுகாப்புப் பிரச்சினை என்று சொல்லிப் போலீஸ் இழுத்துப் போட்டது. பதக்கம் குத்திய சட்டை கிழிந்தது. 2017 ஜனவரியில் எல்லைப் பாதுகாப்புப் படை வீரர் ஒருவர் கருகிய ரொட்டியையும் தண்ணீர்ப் பருப்பையும் செல்போனில் படமெடுத்துப் போட்டார். நாடே பார்த்துக் கொதித்தது. ஏப்ரலில் வேலையை விட்டு நீக்கப்பட்டார். யாரை நீக்கினார்கள் என்று இன்னொரு தரம் படியுங்கள். 1751-ல் கஞ்சி போதும் என்றவன் உத்தமன், 2017-ல் பருப்பில் பருப்பைக் காணோம் என்றவன் ஒழுங்கீனன்.

2022 ஜூனில் அக்னிபத் வந்தது. நாலு வருஷம், அதற்குப் பிறகு நூற்றுக்கு இருபத்தைந்து பேர் உள்ளே, எழுபத்தைந்து பேர் வெளியே. ஓய்வூதியம் கிடையாது. மாதச் சம்பளத்தில் பிடித்ததையும் அரசு போட்டதையும் வட்டியையும் சேர்த்துச் சுமார் 11.71 லட்சம் கையில் கொடுத்து அனுப்பிவிடுவார்கள். வேலூர்ப் பக்கம் கம்மவான்பேட்டை போன்ற ஊர்களில் வீட்டுக்கு வீடு பட்டாளத்தான் உண்டு. அங்கே பையன் பட்டாளத்துக்குப் போவது தேசபக்தியாலா, ஓய்வூதியத்தாலா என்று கேட்கும் பேராசிரியர்கள் தங்கள் ஓய்வூதியத்தைத் தியாகம் செய்துவிட்டுக் கேட்கலாம். பணம் எங்கே இருக்கிறது என்கிறார்கள் நிபுணர்கள். 2025-26 பட்ஜெட்டில் பாதுகாப்புக்கு 6.81 லட்சம் கோடி, அதில் 1.60 லட்சம் கோடி ஓய்வூதியமாகவே போகிறதாம், பாரம் தாங்கவில்லையாம். டண்டாஸ் காலத்தில் பென்ஃபீல்டுக்குப் போன வட்டியை, பர்க் போன்ற ஒரு சிலரைத் தவிர, ஒருவரும் பாரம் என்று சொன்னதாகத் தெரியவில்லை. அதற்கு நாணயம் என்று பெயர்.

ஆனால் டிசம்பர் 7 வந்தால் நமக்குச் சிப்பாய்மேல் பாசம் பொங்கிவிடும். 1949-லிருந்து கொடிநாள். மாவட்டத்துக்கு மாவட்டம் இலக்கு வைத்து வசூல், இலக்கைத் தாண்டிய அதிகாரிக்குப் பாராட்டு, மேடை, புகைப்படம். போன டிசம்பரில் ஒரு சர்க்கார் அலுவலகத்தில் வரிசையில் நின்றிருந்தேன். எனக்கு முன்னால் இருந்தவர் வாரிசுச் சான்றிதழுக்கு வந்த பெரியவர், நிமிர்ந்த முதுகு, தோய்த்துத் தேய்த்த சட்டை. மேஜைக்குப் பின்னாலிருந்த அம்மா சிவப்பும் கருநீலமும் வெளிர்நீலமுமாக ஒரு காகிதக் கொடியை எடுத்தார்.

"கொடிநாள் ஐயா. ஒரு அம்பது ரூபா."

"நானே மிலிட்டரிதாம்மா. பதினேழு வருஷம் சர்வீஸ்."

"அப்ப நீங்க கண்டிப்பா வாங்கணும் ஐயா."

பெரியவர் ஒரு நூறு ரூபாய்த் தாளை நீட்டினார். மீதிக்குச் சில்லறை இல்லை என்று இன்னொரு கொடியையும் கிழித்து அவர் கையில் வைத்தார்கள்.